கோல் பிடித்தவன் கீழ்மகனா?

“அவனா? மேளம் அடிக்கிறவன்தானே!”

இந்த ஒரு வாக்கியத்தை நம்மவர் வாயிலிருந்து நாம் எத்தனை முறை கேட்டிருக்கிறோம்! பெண் கொடுக்கும் வீட்டில் கேட்டிருக்கிறோம். கோயில் கமிட்டிக் கூட்டத்தில் கேட்டிருக்கிறோம். சாவு வீட்டு முற்றத்தில், பிணத்தைத் தூக்குமுன் வாத்தியக்காரனுக்குக் கூலி பேசும்போதுங்கூடக் கேட்டிருக்கிறோம். சொல்லுகிறவர் படித்தவராயிருக்கலாம், படியாதவராயிருக்கலாம். தோட்டத்து மனிதராயிருக்கலாம், டவுன் மனிதராயிருக்கலாம். சொல்லும் தொனி மட்டும் மாறுவதில்லை. அந்தத் தொனிக்குள் பல நூற்றாண்டு அழுக்குப் படிந்து கிடக்கிறது. அந்த அழுக்கைக் கொஞ்சம் கிளறிப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். மூக்கைப் பொத்திக்கொள்ள விரும்புவோர் இப்போதே பொத்திக்கொள்ளலாம்.

பிரிக்பீல்ட்ஸில், ரயில்வே உத்தியோகத்தில் தழைத்த ஒரு குடும்பத்தை நாம் அறிவோம். அந்த வீட்டுப் பையன் பத்து வயதில் பிஸ்கட் தகரத்தைக் கவிழ்த்து வைத்துக்கொண்டு இரண்டு மூங்கிற் குச்சிகளால் தட்டுவான், கணக்குப் பிசகாது. பதினைந்து வயதில் யாரிடமோ ஒரு பழைய டிரம் செட்டை இரவல் வாங்கி வந்தான். தகப்பனார் அதை அப்படியே தூக்கித் தெருவில் வைத்தார். வைத்துவிட்டுச் சொன்னார்: “நம் வீட்டில் நாலு தலைமுறையாய் எவனும் மேளம் அடித்ததில்லை.” அன்பர்களே, இந்தச் சொல்லைக் கவனியுங்கள். இரைச்சலாயிருக்கிறது என்று அவர் சொல்லவில்லை. படிப்புக் கெடும் என்றுகூடச் சொல்லவில்லை. சாதி என்ற சொல்லை உச்சரியாமலே சாதியைச் சொன்னார். பையன் கோலை வைத்துவிட்டான். இன்று ஓர் ஆபீஸில் கணக்கெழுதுகிறான். மேசை விளிம்பில் அவன் விரல்கள் மட்டும் இன்னும் தாளம் போட்டுக்கொண்டிருக்கின்றன.

கோலைக் கீழே வையாத ஒருவரை இவ்விடத்தில் நினைவு கூர்வோம். லூயிஸ் பிரகாசம் என்பது அவர் பெயர். ஜாஸ் டிரம் வாசிப்பவர். 1970களின் இறுதியில் ‘ஏசியாபீட்’ என்னும் இசைக்குழுவைத் தோற்றுவித்தவர். அவர் செய்தது யாது? அதுவரை இந்நாட்டில் ஜாஸ் வாசித்தவர்கள் பெரும்பாலும் ஓட்டல்களிலும் நடனசாலைகளிலும் மேனாட்டார் இசைத்தட்டில் கேட்டதைத் திருப்பி வாசித்தவர்கள். அவர்களிற் பலர் மணிலாவிலிருந்து வந்த வாத்தியக்காரர்கள், அல்லது அவர்தம் மக்கள். வானொலி நிலையத்து இசைக்குழுவை நடத்திய அல்போன்சோ சொலியானோவும் அந்த மரபினரே. அவர்களுடைய திறமையை நாம் குறைத்துச் சொல்லவில்லை. அவர்களே இந்நாட்டு ஜாஸுக்கு அடித்தளமிட்டவர்கள். ஆனால் மலாய்க்காரர் கொம்பாங் ஒரு பக்கம், சீனர் சிங்க நடன முரசு ஒரு பக்கம், தமிழர் தவில் ஒரு பக்கம் ஒலிக்கும் ஒரே தெருவில் பிறந்தவன் அயலான் தாளத்தை மட்டும் ஏன் படியெடுக்க வேண்டும்? இந்தக் கேள்விக்குக் கோலினால் விடை சொன்னவர் பிரகாசம். டிரம் செட்டின் நடுவே ஆசியத் தோற்கருவிகளைக் கொண்டுவந்து வைத்தார். அமெரிக்காவிற் பிறந்து ஜப்பானிய மூங்கிற் குழலில் தேர்ந்த ஜான் கைசான் நெப்டியூனைத் தம்முடன் வாசிக்கச் செய்தார். பல இனத்து இசையை ஒரே மேடையில், ஒன்றை ஒன்று விழுங்காதபடி உட்கார வைத்தார்.

இப்போது நாம் கேட்கிறோம்: கிள்ளானிலும் பிரிக்பீல்ட்ஸிலும் எத்தனை தமிழ் வீடுகளில் இந்தப் பெயர் தெரியும்? சென்னைச் சினிமாவில் கூட்டத்தோடு ஆடியவன் பெயர் தெரிகிறது. அவன் போட்ட சட்டையின் நிறம் தெரிகிறது. நம்மூர்க்காரன் பெயர் தெரியவில்லை! என்ன காரணம்? ஜாஸ் நமக்குப் புரியாது என்பர் சிலர். அது உண்மையன்று. டிரம் வாசிப்பவனைப் பெயர் சொல்லி அழைக்கும் வழக்கமே நம்மிடம் இல்லை என்பதுதான் உண்மை. பாடினவனுக்குப் பெயர் உண்டு, ஆடினவளுக்குப் பெயர் உண்டு, அடித்தவன் ‘மேளக்காரன்’.

அடிமையின் முரசு

“ஜாஸ் என்பது காபரே இசை, குடிகாரர் இசை, கௌரவமான குடும்பத்துப் பிள்ளைகளுக்கு ஆகாது” என்று ஒரு சாரார் முகஞ்சுளிக்கிறார்கள். அந்த இசை எங்கே பிறந்தது, யாருடைய முதுகில் பிறந்தது என்று இவர்கள் ஒருநாளாவது விசாரித்ததுண்டா?

ஆப்பிரிக்காவிலிருந்து மனிதரைப் பிடித்து, விலங்கிட்டு, கப்பலில் அடைத்து, அமெரிக்கத் தோட்டங்களில் இறக்கினார்கள். 1739-இல் தென் கரோலினாவில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தார்கள். முரசு முழக்கிக்கொண்டு அணிவகுத்தார்கள். மறு ஆண்டே, 1740-இல், அடிமைகள் முரசு வைத்திருக்கலாகாது என்று சட்டம் பிறந்தது. துரைமாருக்குத் துப்பாக்கிக்கு அடுத்தபடி அச்சம் தந்தது தோலும் கோலும்தான்! முரசைப் பறித்தபின் அந்த மக்கள் கையைத் தட்டினார்கள், தொடையைத் தட்டினார்கள், தரையை மிதித்தார்கள். நியூ ஆர்லியன்ஸ் நகரத்துக் காங்கோ சதுக்கத்தில் ஞாயிறு பிற்பகல்களில் மட்டும் அடிமைகள் கூடி முரசு கொட்டி ஆட இடமிருந்தது. அந்நகரத்திலேதான் பின்னாளில் ஜாஸ் தோன்றியது.

டிரம் செட்டு என்பதும் ஏழைகளின் யுக்தியே. ஊர்வலத்தில் பெருமுரசை ஒருவன் அடிப்பான், சிறுமுரசை ஒருவன் அடிப்பான், கைத்தாளத்தை மற்றொருவன் தட்டுவான். மூவருக்குக் கூலி கொடுக்க நடனசாலைக்காரன் ஒப்புவானா? மேடையிலும் இடமில்லை. ஆகவே பெருமுரசைக் காலால் அடிக்கும் மிதிகட்டையைக் கண்டார்கள். 1909-இல் லுட்விக் என்பார் அதைச் செம்மைப்படுத்தி உரிமை பதிந்தார். பிறகு தாளத்தகடுகள் இரண்டையும் இடக்காலால் மூடித் திறக்கும் பொறி வந்தது. இன்று ஜாஸ் டிரம் வாசிப்பவனுக்கு வலக்கை ஒரு வேலை, இடக்கை ஒரு வேலை, வலக்கால் ஒரு வேலை, இடக்கால் ஒரு வேலை. நான்கும் நான்கு கணக்கில் ஓட, நடுவில் அறிவு ஒன்றே அவற்றைக் கட்டிக் காக்கிறது. இதைத்தான் நம்மவர் ‘சும்மா தட்டுவது’ என்கிறார்கள்!

பால்டிமோரில் பிறந்த சிக் வெப் என்னும் கறுப்பர் ஒருவர் வரலாற்றைக் கேளுங்கள். குழந்தைப் பருவத்தில் முதுகெலும்பில் க்ஷயம் தாக்கிக் கூன் விழுந்தது, உடல் வளரவில்லை. அந்தக் கூனர் நியூயார்க்கில் ஹார்லம் பகுதியில் சவாய் என்ற பெரிய நடனசாலையின் இசைக்குழுத் தலைவரானார். 1937 மே மாதத்தில், அமெரிக்கா முழுதும் புகழ் பெற்றிருந்த பென்னி குட்மனின் வெள்ளைக்காரக் குழு அவரோடு போட்டிக்கு வந்தது. அக்குழுவின் டிரம் கலைஞர் ஜீன் க்ரூபா அன்று உலகறிந்தவர். சபை கூனருக்கே வெற்றி தந்தது. க்ரூபா எழுந்து அவர் முன் தலை வணங்கினார். வணங்கியதால் க்ரூபா சிறுத்துப் போனாரா? இன்றும் அவரை உலகம் போற்றுகிறது. சிக் வெப் 1939-இல் இளவயதிலேயே மாண்டார். அவர் ஆதரித்து மேடையேற்றிய எல்லா பிட்ஸ்ஜெரால்டு என்ற ஏழைப் பெண் உலகப் பாடகியானார்.

கறுப்பரை வெள்ளையர் பேருந்தில் பின்னிருக்கைக்குத் துரத்திய நாடு அது. அந்த நாட்டிலும் ஒரு வெள்ளைக் கலைஞன் கறுப்புக் கலைஞன் முன் தலை வணங்க முடிந்தது. நம் நாட்டில் தப்படிக்கும் கலைஞன் முன் எந்தத் தலை வணங்கியிருக்கிறது?

நம் கணக்கு என்ன?

“நாமா முரசை இகழ்கிறோம்? பண்டைத் தமிழன் முரசைப் போற்றியவனாயிற்றே!” என்று புலவர் பெருமக்கள் எழுந்து நிற்பார்கள். ஐயா, உட்காருங்கள்; நீங்கள் சொல்வது மெய்யே. தொல்காப்பியம் ஒவ்வொரு திணைக்கும் உரிய கருப்பொருள்களை எண்ணும்போது தெய்வத்தோடும் உணவோடும் பறையையும் சேர்த்தே எண்ணுகிறது. அரசனின் முரசு வைக்கும் கட்டிலில் அறியாமல் படுத்துறங்கிய மோசிகீரனார் என்ற புலவரை, வெட்ட வேண்டிய சேரமான் வெட்டாமல், கவரி எடுத்து வீசினான் என்று புறநானூறு சொல்கிறது. முரசுக்கு அத்தனை மதிப்பு! அந்த மதிப்பு எங்கே போயிற்று என்பதுதான் கேள்வி. முரசின் கட்டிலுக்கே மதிப்பளித்த இனம், முரசு கொட்டுகிறவனுக்குத் திண்ணையில் இடந்தர மறுத்ததே, அது எந்த நூலின் விதி?

மிருதங்கத்தைப் பாருங்கள். மாட்டுத் தோலும் ஆட்டுத் தோலும் எருமைத் தோலும் இன்றி மிருதங்கம் இல்லை. அத்தோலைத் தேர்ந்து, பதப்படுத்தி, இழுத்துக் கட்டி, கறுப்புச் ‘சோறு’ இட்டு நாதத்தை உண்டாக்குகிறவர்கள் தாழ்த்தப்பட்ட மக்கள். பாலக்காடு மணி ஐயரின் புகழுக்குப் பின்னே பர்லாந்து என்ற தஞ்சைத் தொழிலாளியின் கையும் காதும் இருந்தன. தோல் மடியில் ஏறிற்று. தோலைத் தந்தவன் வாசற்படி ஏறவில்லை. இவ்வரலாற்றைப் பாடகர் டி.எம். கிருஷ்ணா ‘செபஸ்தியான் அண்ட் சன்ஸ்’ என்ற நூலாக 2020-இல் எழுதினார். வெளியீட்டு விழாவுக்கு முதலில் அரங்கு தர இசைந்த சென்னைக் கலாக்ஷேத்திரம் பின்னர் இசைவை மீட்டுக்கொண்டது. மிருதங்கம் ஒலிக்கலாம், மிருதங்கத்தின் கதை ஒலிக்கலாகாதாம்!

வாத்தியத்தின் பெயரே ஒரு சாதிக்குப் பெயராயிற்று. அந்தச் சாதிப் பெயரே வசையாயிற்று. அந்த வசை கப்பலேறி ஆங்கில அகராதியிலும் ‘தள்ளப்பட்டவன்’ என்ற பொருளோடு குடியேறிற்று. உலகுக்குத் தமிழன் கொடுத்த சொற்களில் இப்படியும் ஒன்று! ‘இன்டர்லோக்’ என்ற மலாய் நாவல் பாடநூலானபோது, அதிலே இச்சொல் இருப்பது கண்டு நம் மக்கள் கொதித்தெழுந்தார்கள். 2011-இல் அந்நூல் பாடத்திட்டத்திலிருந்து எடுக்கப்பட்டது. கொதித்தது தவறென்று நாம் சொல்லவில்லை. ஆனால் நாம் கேட்கிறோம்: மாற்றான் அச்சிட்டபோது சுட்ட சொல், நம் வீட்டுக் கலியாணப் பேச்சில் இன்றும் மெல்லிய குரலில் புழங்குகிறதே, அது சுடவில்லையா? அச்செழுத்தில் இருந்தால் அவமானம், அடுப்பங்கரையில் இருந்தால் சம்பிரதாயமா?

கிள்ளான் மக்களே, உங்கள் பாட்டன்மார் கதையை உங்களுக்கே நினைவூட்டுகிறோம். 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் எழுந்தது. ஆர்.எச். நாதன் போன்றோர் முன்னின்றார்கள். கூலி உயர்வு கேட்டார்கள். அதனுடன் இன்னொன்றையும் கேட்டார்கள். துரையும் கிராணியும் எதிரே வந்தால் தொழிலாளி சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கம் ஒழிய வேண்டும் என்றார்கள். என்ன வீரம்! என்ன தன்மானம்! நாதன் நாடு கடத்தப்பட்டார். துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் மாண்டனர். சைக்கிளிலிருந்து இறங்க மறுத்து உயிர் கொடுத்தவர்களின் பேரர்கள், தப்படிப்பவர் மட்டும் தங்கள் முன் செருப்பைக் கழற்றி நிற்க வேண்டும் என்று எதிர்பார்க்கலாமா? துரையிடம் கேட்ட சமத்துவத்தை நாம் தம்பியிடம் மறுப்பது எந்த நியாயம்?

மறுப்போரும் மறுமொழியும்

முதல் மறுப்பு: “அது சாவு மேளம், அமங்கலம்” என்பது. நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில் ஒரு கறுப்புக் கலைஞன் இறந்தால் வாத்தியக்காரர்கள் இடுகாடுவரை மெல்லிய துயர இசையோடு நடப்பார்கள். அடக்கம் முடிந்து திரும்பும்போது துள்ளும் இசை எழும். தெருவே கூட ஆடும். அந்தச் சாவு மேளத்தை அந்நகரம் ஒளிக்கவில்லை. அதுவே தன் பெருமை என்கிறது. அதைக் காண உலகமே அங்கே போகிறது. நம் தப்பும் அதே வேலையைத்தான் செய்கிறது: செத்தவனுக்கு மரியாதை செய்கிறது, இருப்பவன் நெஞ்சுப் பாரத்தை இறக்குகிறது. பிறப்புக்கும் இறப்புக்கும் துணை நின்ற கருவி அமங்கலம் என்றால், பிறந்து இறக்கும் மனிதன் மட்டும் எப்படி மங்கலமானான்?

இரண்டாம் மறுப்பு: “ஜாஸ் அயலார் இசை, தமிழனுக்கு ஏன்?” என்பது. டிரம் செட்டையே பிரித்துப் பாருங்கள். அதன் பெருமுரசும் சிறுமுரசும் ஐரோப்பியப் பட்டாளத்து முரசுகள். தாளத்தகடு துருக்கி நாட்டிலிருந்து வந்தது. முதன்முதல் அதில் மாட்டிய ‘டம்டம்’ முரசுகள் சீனருடையவை. ஓடும் லயம் ஆப்பிரிக்கருடையது. இது யாருக்கு அயல்? பல தேசத்தார் கலந்து வாழும் மலாயா மண்ணுக்கு இதைவிடப் பொருத்தமான வாத்தியம் வேறு உண்டா? நம் விக்கு விநாயக்ராம் 1970களில் ஒரு மண் கடத்தை எடுத்துக்கொண்டு ‘சக்தி’ குழுவில் ஜாஸ் கலைஞரான ஜான் மக்லாப்லினோடு அமர்ந்தார். கடத்தின் தமிழ் கெட்டுப் போயிற்றா? அவர் போய் வாசித்ததால்தான் கடம் என்ற சொல் உலகத்தார் வாயில் ஏறிற்று. தன்னை அறிந்தவனுக்கு அயலான் இசையால் கேடில்லை. தன்னையே இகழ்பவனுக்குத்தான் எல்லாம் அயல்.

மூன்றாம் மறுப்பு: “மேளம் அடித்தால் சோறு கிடைக்குமா?” என்பது. இந்தக் கேள்வியை மட்டும் நாம் மதிக்கிறோம். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயத்தை விட்டு வெளியேறி, அடுக்குமாடி வீட்டில் அடைபட்ட பெற்றோரின் அச்சம் பொய்யன்று. ஆனால் சோறு கிடைக்காமற் செய்பவர் யார்? கலியாணத்தில் சாப்பாட்டுக்காரர் கேட்ட தொகையைப் பேரம் பேசாமல் கொடுக்கிறீர்கள். மண்டபக்காரருக்கு முன்பணம் கட்டுகிறீர்கள். மேளக்காரரிடம் மட்டும் பந்தி முடிந்தபின் பாதி கொடுத்து, மீதியை “அடுத்த மாதம் பார்க்கலாம்” என்கிறீர்கள். நீங்களே பட்டினி போட்டுவிட்டு, “இந்தத் தொழிலில் பட்டினி” என்று பிள்ளைக்கு உபதேசிக்கிறீர்கள்! மதிப்பவர் நாட்டில் நிலைமை வேறு. மேக்ஸ் ரோச் என்ற ஜாஸ் டிரம் மேதை மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தில் ஆசிரியராக வீற்றிருந்தார். பழனி சுப்பிரமணிய பிள்ளையின் மாணாக்கரான திருச்சி சங்கரன் 1971 முதல் கனடாவில் யார்க் பல்கலைக்கழகத்தில் மிருதங்கம் கற்பித்தார். தோலும் கோலும் அங்கே பேராசிரியர் நாற்காலியில் அமர்ந்தன. இங்கே பின்கட்டில் வாழையிலைக்குக் காத்திருக்கின்றன.

தாய்நாட்டிலும் காற்று மெல்லத் திரும்புகிறது. 2025-ஆம் ஆண்டு இந்திய அரசின் பத்மஸ்ரீ பட்டியலில் மிருதங்கம் வாசிக்கும் குருவாயூர் துரை பெயரும், பறை முழக்கும் வேலு ஆசான் பெயரும் ஒன்றாக இடம்பெற்றன. ஒரே பட்டியல், ஒரே பட்டம். பட்டத்தால் சாதி ஒழிந்துவிடாது என்பதை நாம் அறிவோம். ஆயினும் அரசாங்கத்துக் காகிதத்தில் பக்கத்தில் அமர முடிந்த இருவர், நம் பந்தியில் பக்கத்தில் அமர முடியாதா?

என் செய்ய வேண்டும்?

குறை கூறி விலகுவது நம் வழக்கமன்று. செய்ய வேண்டியவை சில; எவையும் பெரிய காரியங்கள் அல்ல.

கலியாண அழைப்பிதழில் தலைமை தாங்குகிறவர், வாழ்த்துகிறவர் என்று இருபது பெயர் அச்சிடுகிறோமே, வாசிக்கிறவர்கள் பெயரையும் அச்சிடுவோம். பேசிய தொகையை வாசிக்குமுன் கையில் கொடுப்போம். வீசி எறிய வேண்டாம். முதல் பந்தியில் அவர்களை உட்கார வைப்போம். தமிழ்ப்பள்ளிகளில் ஆண்டு விழாவுக்குச் சினிமாப் பாட்டு ஒலிநாடாவை ஓடவிட்டுப் பிள்ளைகளை ஆட்டுவிப்பதை நிறுத்தி, பறையும் தவிலும் டிரமும் கற்பிப்போம். இன்ன சாதி, ஆண், பெண் என்ற பேதமின்றிக் கற்பிப்போம். எல்லாப் பிள்ளைகளும் கோல் பிடித்தால், கோல் எந்தச் சாதிக்கு அடையாளமாக இருக்க முடியும்? பத்துமலையில் தைப்பூசத்தன்று உறுமி ஒலித்தால்தான் காவடி நகர்கிறது. அந்த உறுமி இளைஞர்களை மறுநாள் ‘ரௌடிகள்’ என்று ஏசுவதை விட்டு, அவர்களுக்கு ஓர் ஆசானும் ஒரு கூடமும் தேடிக் கொடுப்போம்.

எல்லாவற்றுக்கும் மேலாக, பெற்றோரே, தகரத்தைத் தட்டும் பிள்ளையின் கையைப் பிடிக்குமுன் ஒரு கணம் காது கொடுத்துக் கேளுங்கள். கணக்குப் பிசகாமல் தட்டுகிறானா, தட்டுகிறாளா என்று கேளுங்கள். ஒருவேளை உங்கள் வீட்டிலும் ஒரு பிரகாசம் இருக்கலாம். அதை ஊதி அணைப்பதற்கு ஒரு வாய்ச்சொல் போதும். மறுபடி ஏற்றுவதற்கு ஒரு வாழ்நாள் போதாது.

இனி யாரேனும் உங்களிடம், “அவனா? மேளம் அடிக்கிறவன்தானே!” என்று சொன்னால், தயங்காமல் திருப்பிக் கேளுங்கள்: “ஆம் ஐயா, அவர் மேளம் அடிக்கிறார். நீர் என்ன செய்கிறீர்?”